வேலூரிலிருந்து ஒரு நாள் மலைப் பயணம்: நீங்கள் கேட்பவையும் எங்கள் பதில்களும்

அரசன் இல்லாத கோட்டை, தண்ணீர் இல்லாத ஆறு, மரம் இல்லாத மலை என்று வேலூரைக் கிண்டல் செய்யும் பழைய பேச்சு ஒன்று உண்டு. ஊரைச் சுற்றி நிற்கும் மொட்டைப் பாறைகளைப் பார்த்தால் அதை மறுக்க வாய் வராது. சித்திரை வைகாசியில் அந்தப் பாறைகள் பகலெல்லாம் வெயிலைக் குடித்துவிட்டு இரவெல்லாம் நம் மீது உமிழும். ஆனால் ஏலகிரி, ஜவ்வாது என்று மரமுள்ள மலைகள் இரண்டு, இரண்டரை மணி நேரத் தொலைவில்தான் இருக்கின்றன. சனி, ஞாயிறுகளில் குடும்பங்களையும் நண்பர் குழுக்களையும் வழிகாட்டியோடு அங்கே அழைத்துப் போய்வருவது எங்கள் வேலை. தொலைபேசியில் திரும்பத் திரும்ப வரும் கேள்விகளுக்கு இங்கே ஒரே இடத்தில் பதில் எழுதி வைக்கிறேன். ஏற்கெனவே பதில் சொல்லிவிட்டேனே என்று யாரிடமும் சலித்துக்கொள்ளாமல் இருக்க இதுவே வழி.

ஏலகிரியா, ஜவ்வாதா? எதற்குப் போகலாம்?

யார் வருகிறார்கள் என்பதைச் சொல்லுங்கள், மலையைச் சொல்கிறேன். கைக்குழந்தை, முழங்கால் வலிக்கும் பாட்டி, படகில் போக ஆசைப்படும் பிள்ளைகள் என்றால் ஏலகிரி. வேலூரிலிருந்து சுமார் 90 கிலோமீட்டர். ஆம்பூர், வாணியம்பாடி தாண்டும்வரை தேசிய நெடுஞ்சாலை, பிறகு பொன்னேரி அடிவாரம், அங்கிருந்து 14 கொண்டை ஊசி வளைவுகள். மேலே புங்கனூர் ஏரி, பூங்கா, சாப்பாட்டுக் கடைகள், உட்கார இடம், கழிவறை எல்லாம் இருக்கின்றன. கழிவறையைச் சாதாரணமாக நினைக்காதீர்கள், ஒரு பயணம் இனிப்பதும் கசப்பதும் பல நேரம் அங்கேதான் முடிவாகிறது.

ஜவ்வாது வேறு வகை. அது ஒற்றை மலை இல்லை. வேலூர், திருப்பத்தூர், திருவண்ணாமலை மூன்று மாவட்டங்களிலும் பரந்து கிடக்கும் மலைத்தொடர், கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதி. ஊர் என்று சொல்லத்தக்கது ஜமுனாமரத்தூர். அது திருவண்ணாமலை மாவட்டத்தில் வருகிறது. பீமன் அருவி, கோமுட்டேரிப் படகுத்துறை, சாமைக் காடுகள், மேற்கே காவலூர் வானாய்வகம். பார்ப்பதற்கு இதுதான் என்று ஒரு பலகை வைக்க முடியாத மலை, நடந்தும் பேசியும்தான் பிடிபடும். என்னைக் கேட்டால் ஜவ்வாதுதான். ஆனால் எல்லோருக்கும் அது பொருந்தாது என்பதை அனுபவத்தில் கற்றிருக்கிறேன்.

இரண்டு வயதுக்குக் கீழே குழந்தை இருந்தால் இரண்டையும் விட்டுவிட்டு அமிர்திக்குப் போங்கள். 25 கிலோமீட்டர்தான். ஜவ்வாதின் அடிவாரக் காடு, சிறிய விலங்குப் பூங்கா, மழைக்குப் பிறகு அருவி. மதியத் தூக்கத்துக்கு வீடு வந்துவிடலாம்.

இரண்டு மலையையும் ஒரே நாளில் பார்த்துவிட முடியாதா?

முடியும். நாங்களே தொடங்கிய புதிதில் அப்படி ஒரு பயணம் நடத்தினோம். 22 பேர். காலை ஐந்து மணிக்குக் கிளம்பி ஜமுனாமரத்தூர், காவலூர், ஆலங்காயம் வழியாக இறங்கி, மறுபடி ஏலகிரி ஏறினோம். புங்கனூர் ஏரிக்குப் போய்ச் சேர்ந்தபோது படகுக்காரர் துடுப்புகளை அடுக்கிக்கொண்டிருந்தார். வண்டிக்குள் உட்கார்ந்த நேரம் கணக்குப் பார்த்தால் ஒன்பது மணி. பின் இருக்கையில் இருந்த ஒரு சிறுமி, "அங்கிள், மலை எப்போ வரும்?" என்று கேட்டாள். அப்போது நாங்கள் மலையை விட்டு இறங்கிக்கொண்டிருந்தோம். அன்றோடு அந்தத் திட்டத்தைக் கைவிட்டோம். ஒரு நாளுக்கு ஒரு மலை, அந்த மலையில் இரண்டு இடம், மிஞ்சினால் மூன்று. அதற்கு மேல் கேட்டால் வண்டி மட்டும்தான் சுற்றிப் பார்க்கும்.

ஊட்டி மாதிரி குளிருமா? ஸ்வெட்டர் எடுத்து வரவேண்டுமா?

குளிராது. இதை முன்பே சொல்லிவிடுவது நல்லது. உயரம் 1000 மீட்டர் கூடினால் வெப்பம் ஏறத்தாழ ஆறரை டிகிரி குறையும். வேலூர் கடல் மட்டத்திலிருந்து 200 மீட்டருக்குச் சற்று மேலே இருக்கிறது. ஏலகிரி சுமார் 1100 மீட்டர். ஆகவே கீழே 40 டிகிரி கொளுத்தும் நாளில் மேலே 34 இருக்கும். காவலூர் 725 மீட்டர்தான், அங்கே மூன்று, நான்கு டிகிரி குறையும், அவ்வளவே. ஆனால் நிழலும் காற்றும் சேரும்போது உடம்புக்கு அது பத்து டிகிரி போலத் தெரியும். மார்கழி, தை மாதங்களில் காலையிலும் மாலையிலும் மெல்லிய கம்பளிச் சட்டை தேவைப்படும். சித்திரையில் தொப்பியும் குடையும் போதும்.

எந்த மாதம் நல்லது? அருவியில் தண்ணீர் எப்போது இருக்கும்?

அருவிக்காக வருகிறவர்கள் ஆவணி முதல் தை வரைக்குள் வாருங்கள். மாசி தாண்டினால் பீமன் அருவியில் பாறைதான் விழும். ஏலகிரியில் பிறந்து கீழே இறங்கும் ஆட்டாறு திருப்பத்தூர் பக்கம் ஜலகாம்பாறையில் அருவியாகக் கொட்டுகிறது. அதற்கும் இதே கணக்குத்தான். அங்கே லிங்க வடிவில் கட்டிய முருகன் கோயில் ஒன்றும் இருக்கிறது, தண்ணீர் இல்லாவிட்டாலும் அதைப் பார்த்துவிட்டு வரலாம். பலாப்பழம் வேண்டுமானால் கோடை முடியும் நேரம், சீத்தாப்பழம் வேண்டுமானால் ஆவணிக்கு மேல். ஐப்பசி, கார்த்திகையில் கனமழை எச்சரிக்கை வந்தால் அருவிக்கு அனுமதி கிடைக்காது. நாங்களும் வண்டி எடுக்க மாட்டோம்.

கூகுள் மேப் இருக்கும்போது வழிகாட்டி எதற்கு?

வழி காட்ட மட்டும்தான் வழிகாட்டி என்றால் தேவையில்லை, ஒப்புக்கொள்கிறேன். (ஜவ்வாதின் உள்பகுதியில் செல்போன் சிக்னல் பல இடங்களில் கைவிட்டுவிடும் என்பது வேறு விஷயம்.)

ஒன்றை மட்டும் சொல்கிறேன். ஜவ்வாது என்றால் சந்தனம் என்று எல்லோருக்கும் தெரியும். காட்டுப் பாதையில் சந்தன மரம் எது என்று காட்டினால் வருகிறவர்கள் உடனே இலையைக் கசக்கி முகர்ந்து பார்ப்பார்கள். ஒன்றும் வராது. பட்டையைச் சுரண்டப் போவார்கள். எங்கள் வழிகாட்டி தடுத்துவிடுவார். அந்த மலையிலேயே பிறந்தவர், ஐம்பது வயது, செருப்பில்லாமல் நடப்பவர். "வாசனையெல்லாம் வயிற்றுக்குள் வைத்திருக்கிறது, வெளியே காட்டாது" என்பார். உண்மைதான், மணம் வைரம் பாய்ந்த உள்கட்டையில்தான். பிறகு மரத்தின் அடியில் குந்தி உட்கார்ந்து, பக்கத்தில் நிற்கும் வேறு மரத்தைக் காட்டுவார். சந்தனம் தன் வேரைப் பக்கத்து மரத்தின் வேரில் ஒட்டி அங்கிருந்து சத்தை உறிஞ்சி வளர்வது, தனியாக நட்டால் தேறாது. "பெரிய மனிதர்கள் மாதிரி" என்று சொல்லிவிட்டு எழுந்துவிடுவார். நான் முப்பது முறை கேட்டிருக்கிறேன், ஒவ்வொரு முறையும் சிரிப்பு வருகிறது. இதை எந்த மேப் சொல்லும்?

மலையில் வழி சொல்வது இந்த வட்டாரத்துக்குப் புதிதும் இல்லை. பத்துப்பாட்டில் ஒன்றான மலைபடுகடாம், ஜவ்வாதுக்குத் தெற்கே இருக்கும் செங்கத்தை ஆண்ட நன்னனிடம் பரிசு பெற்ற கூத்தன், எதிரே வரும் கூத்தர்களுக்கு வழி சொல்வதாக அமைந்த 583 அடிப் பாட்டு. தினைப்புனம் காப்பவர் எறியும் கவண்கல் கிளைகளில் பட்டுத் தெறித்து வரும், மரத்தின் பின்னால் ஒதுங்கிப் போங்கள், பன்றிக்கு வைத்த பொறியில் காலை விட்டுவிடாதீர்கள், எந்த ஊரில் என்ன சோறு கிடைக்கும் என்றெல்லாம் அதில் வருகிறது. நாங்கள் முந்தின இரவு வாட்ஸ்அப்பில் அனுப்பும் குறிப்புகளும் கிட்டத்தட்ட இவையே, கவண்கல்லுக்குப் பதில் குரங்கு என்று மாற்றிக்கொள்ளுங்கள்.

வளைவில் வாந்தி வருமே, என்ன செய்வது?

பத்தில் மூன்று பேருக்கு இந்தப் பயம் உண்டு. வெறும் வயிற்றோடும் வராதீர்கள், வயிறு முட்டவும் வராதீர்கள். காலையில் இரண்டு இட்லி போதும். முன் இருக்கை, ஜன்னல் ஓரம், பார்வை தூரத்தில். செல்போனைப் பார்த்தால் மூன்றாவது வளைவில் நிச்சயம் குமட்டும். எலுமிச்சம்பழமும் இஞ்சி மிட்டாயும் எங்கள் வண்டியில் இருக்கும். மாத்திரை போடுகிறவர்கள் மருத்துவரைக் கேட்டு, கிளம்புவதற்கு அரை மணி நேரம் முன்பே போட்டுக்கொள்ள வேண்டும். மலை அடிவாரத்தில் போட்டால் அது வேலை செய்யத் தொடங்கும்போது நீங்கள் ஏரிக்கரையில் தூங்கிக்கொண்டிருப்பீர்கள்.

பிள்ளைகளுக்கு எங்களிடம் வேறு மருந்து இருக்கிறது. ஏலகிரி வளைவுகளுக்குத் தமிழ்ப் புலவர்கள் பெயரும் கடையெழு வள்ளல்கள் பெயரும் வைத்திருக்கிறார்கள். பாரி வளைவு வந்தால் முல்லைக்குத் தேர் கொடுத்தவன் என்று கத்த வேண்டும், பேகன் வந்தால் மயிலுக்குப் போர்வை, அதியமான் வந்தால் ஔவைக்கு நெல்லிக்கனி. அடுத்த பலகை எது என்று வெளியே பார்த்துக்கொண்டே வருவதில் குமட்டல் மறந்துபோகும். நள்ளி என்ன கொடுத்தான் என்ற இடத்தில் பெற்றோர்கள் மாட்டிக்கொள்வார்கள்.

வண்டி, கட்டணம்: எதையெல்லாம் கேட்டுக்கொள்ள வேண்டும்?

எங்களிடம் பதிவு செய்யாவிட்டாலும் பரவாயில்லை, யாரிடம் செய்தாலும் இவற்றைக் கேளுங்கள். முதலாவது, நம்பர் பலகை மஞ்சளா? வெள்ளைப் பலகை வண்டி சொந்த உபயோகத்துக்கானது. அதை வாடகைக்கு விடுவது சட்டப்படி தவறு, விபத்து என்று வந்துவிட்டால் காப்பீட்டில் சிக்கல் வரும். இரண்டாவது, ஓட்டுநர் மலையில் ஓட்டியவரா? ஏறும்போது எந்த கியரோ இறங்கும்போதும் அதே கியர், ஏறிவரும் வண்டிக்கு வழிவிட வேண்டும் என்பவை அவருக்குத் தன்னிச்சையாக வரவேண்டும். பிரேக்கை அழுத்திக்கொண்டே இறங்குகிறவரின் வண்டியில் கருகிய வாசனை வரும். வந்தால் கூச்சப்படாமல் நிறுத்தச் சொல்லி இறங்கிவிடுங்கள்.

மூன்றாவதுதான் பணம். கிலோமீட்டருக்கு இவ்வளவு என்று சொல்கிறவர்கள் ஒரு நாளுக்குக் குறைந்தபட்சம் இத்தனை கிலோமீட்டர் என்றும் வைத்திருப்பார்கள். நீங்கள் ஏலகிரி போய்ச் சுற்றித் திரும்பினால் 200 கிலோமீட்டர்தான் ஆகும். அவர் 250 என்று வைத்திருந்தால் ஓடாத 50க்கும் நீங்கள்தான் கொடுக்க வேண்டும். ஓட்டுநர் பேட்டா, சுங்கச்சாவடி, பார்க்கிங் உள்ளே சேர்த்தியா வெளியேயா என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். சில ஆண்டுகளுக்கு முன் நான் ஒரு வேன்காரரிடம் வாய்ப்பேச்சை நம்பிப் போய், இரவு பத்து மணிக்கு மேல் ஆனது என்று இரட்டைப் பேட்டா கொடுத்தேன். தாமதம் ஆனதே அவர் டயர் பஞ்சரானதால்தான். எங்கள் கட்டணத்தில் வண்டி, வழிகாட்டி, காலை டீ, நுழைவுச்சீட்டு அடங்கும். படகும் மதியச் சாப்பாடும் அடங்காது.

சிகிச்சைக்காக சி.எம்.சி.க்கு வந்திருக்கிறோம். இடையில் ஒரு நாள் ஓய்வு. நாங்கள் வரலாமா?

தாராளமாக. வங்காளத்திலிருந்தும் வடகிழக்கிலிருந்தும் வந்து காந்தி ரோடு, தோட்டப்பாளையம் விடுதிகளில் வாரக்கணக்கில் தங்கியிருப்பவர்கள் எங்களோடு நிறைய வருகிறார்கள். பரிசோதனை முடிவுக்காகக் காத்திருக்கும் நாளைச் சுவரைப் பார்த்துக் கழிப்பதைவிட இது மேல். ஆனால் நோயாளியே வருவதாக இருந்தால் மருத்துவரிடம் கேட்காமல் வரவேண்டாம். அறுவை சிகிச்சை முடிந்து தையல் பிரிக்காதவர்களை வளைவுப் பாதையில் ஏற்ற மாட்டோம், எவ்வளவு கெஞ்சினாலும். மறுநாள் காலை மருத்துவரைப் பார்க்க வேண்டும் என்பவர்களை இரவு ஏழுக்குள் விடுதியில் சேர்த்துவிடுவோம், அதற்காக மதியம் மூன்றரைக்கே கிளம்ப வேண்டியிருக்கும். ஓரளவு இந்தி பேசும் வழிகாட்டி எங்களிடம் உண்டு. வங்காளத்தில் அவருக்கு "ஆஸ்தே, ஆஸ்தே" மட்டும் தெரியும், மெல்ல மெல்ல என்று பொருளாம். மலைக்கு அது போதுமாகத்தான் இருக்கிறது.

காவலூர் தொலைநோக்கியில் பார்க்க முடியுமா?

சனிக்கிழமைகளில் பொதுமக்களை அனுமதிப்பது வழக்கம். போவதற்கு முன் உறுதி செய்துகொண்டுதான் நாங்கள் பயணத் தேதியையே வைப்போம். பெரிய தொலைநோக்கியின் கண்ணாடி 2.34 மீட்டர் விட்டம் கொண்டது. இந்தியாவிலேயே உருவாக்கி 1986இல் இயங்கத் தொடங்கியது. அதற்காகக் கனவு கண்ட வானியலாளர் வைணு பாப்பு 1982இலேயே காலமாகிவிட்டார், இன்று வானாய்வகமே அவர் பெயரில் இருக்கிறது. அதன் வழியாக நாம் பார்க்க முடியாது, அது ஆய்வாளர்களுக்கானது. வானம் தெளிவாக இருந்தால் சிறிய தொலைநோக்கியில் காட்டுவார்கள். மேகம் மூடினால் யாராலும் ஒன்றும் செய்ய முடியாது, எங்களிடம் சண்டைக்கு வராதீர்கள்.

ஏன் இந்தக் காட்டுக்குள் கட்டினார்கள் என்று கேட்பார்கள். நகர வெளிச்சம் இல்லை என்பது ஒன்று. நிலநடுக்கோட்டுக்கு அருகில், பன்னிரண்டரை டிகிரி வடக்கில் இருப்பதால் வட வானத்தோடு தென் வானத்தின் பெரும்பகுதியும் இங்கிருந்து தெரியும் என்பது இன்னொன்று. 1988இல் இங்கிருந்து கண்டுபிடித்த சிறுகோள் ஒன்றுக்கு ராமானுஜன் என்று பெயர் வைத்திருக்கிறார்கள், அதன் எண் 4130. எங்கள் குழுவில் வந்த ஒரு கணக்கு வாத்தியார் அதைக் கேட்டுவிட்டு வண்டி கிளம்பும்வரை மேலேயே பார்த்துக்கொண்டு நின்றார்.

இருட்டிய பிறகு அந்தப் பகுதியில் டார்ச், செல்போன் விளக்கு எதையும் அடிக்கக் கூடாது.

மலையில் இருப்பவர்கள் கேரளாவிலிருந்து வந்தவர்களா?

இல்லை. மலையாளி என்பது இங்கே பழங்குடி மக்களின் பெயர், அவர்கள் பேசுவது தமிழ். முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து மலையேறியதாக அவர்களே சொல்லும் கதை ஒன்று உண்டு. ஊர்களை நாடு நாடாகப் பிரித்திருக்கிறார்கள்: திருப்பத்தூர் பக்கம் புதூர் நாடு, நெல்லிவாசல் நாடு, புங்கம்பட்டு நாடு. வீட்டு வாசலில் சாமை காயவைத்திருந்தால் அதை மிதித்துக்கொண்டு போகாதீர்கள். அனுமதி கேட்காமல் யாரையும், முக்கியமாகக் குழந்தைகளை, படம் எடுக்காதீர்கள். உங்கள் தெருவுக்கு ஒரு வேன் வந்து நின்று உங்கள் பாட்டியைப் படம் பிடித்தால் எப்படியிருக்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள். தேன், சாமை, புளி வாங்க விரும்பினால் பேரம் பேசாமல் வாங்குங்கள். யாராவது சந்தனக்கட்டை என்று காதோரம் கிசுகிசுத்தால் நிற்காமல் வந்துவிடுங்கள், அது வில்லங்கம்.

சாப்பாடு?

ஏலகிரியில் கவலையில்லை. ஜமுனாமரத்தூரில் முன்கூட்டிச் சொல்லி வைத்தால் சாமைச் சோறும் கீரைக் குழம்பும் கிடைக்கும். சாமை சூட்டோடு சாப்பிட வேண்டியது, ஆறினால் தொண்டையில் நிற்கும். ஆம்பூர் பிரியாணியைப் போகும்போது கேட்பவர்கள் உண்டு. வேண்டாம், 14 வளைவை நினைத்துக்கொள்ளுங்கள். ஏலகிரியிலிருந்து இறங்கி வரும்போது ஆம்பூரில் நிறுத்துகிறோம். சீரகச் சம்பா அரிசியும் கத்தரிக்காயும் அப்போதும் அங்கேயேதான் இருக்கும்.

மலையேற்றம் உண்டா?

ஏலகிரியில் சுவாமிமலை உச்சிவரை போகலாம். ஆனால் காட்டுக்குள் நம் இஷ்டத்துக்கு நுழைய முடியாது. 2018 மார்ச்சில் தேனி மாவட்டம் குரங்கணியில் காட்டுத்தீயில் இருபதுக்கும் மேற்பட்ட மலையேற்றக்காரர்கள் இறந்த பிறகு விதிகள் இறுகிவிட்டன. அது நியாயமும்கூட. 2024 அக்டோபரில் வனத்துறை 40 பாதைகளோடு தொடங்கிய ‘ட்ரெக் தமிழ்நாடு’ திட்டத்தில் சுவாமிமலையும் ஜலகாம்பாறையும் இருக்கின்றன. அதில் இணையத்தில் பதிவு செய்து, அவர்களுடைய வழிகாட்டியோடுதான் ஏற வேண்டும். தீப்பிடிக்கும் காலத்தில் பாதைகளை மூடிவிடுவார்கள்.

நீங்கள் இல்லாமல் பஸ்ஸிலேயே போய்வர முடியாதா?

ஏலகிரிக்கு முடியும். காட்பாடியில் ரயில் ஏறி ஜோலார்பேட்டை, அல்லது பஸ்ஸில் திருப்பத்தூர், அங்கிருந்து மலைக்கு அரசு பஸ். ஜமுனாமரத்தூருக்குப் போளூரிலிருந்து பஸ் உண்டு. கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்று இறங்கியவுடன் நடத்துநரிடமே கேட்டுக்கொள்ளுங்கள். மலைக்குப் போன பின் ஜவ்வாதில் ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் போவதுதான் கஷ்டம், அருவிக்கும் காவலூருக்கும் நேரம் ஒத்துவராது.

மழை வந்து பயணம் ரத்தானால் முன்பணம் திரும்பக் கிடைக்குமா?

நாங்கள் ரத்து செய்தால் முழுப்பணமும் அன்றே வரும். நீங்கள் ரத்து செய்தால், இரண்டு நாள் முன்பே சொல்லியிருந்தால் முழுவதும், முந்தின நாள் சொன்னால் பாதி. காலை ஐந்தரை மணிக்கு கிரீன் சர்க்கிளில் வண்டி காத்திருக்கும்போது போன் செய்து "தூங்கிவிட்டோம்" என்று சொன்னால், பதினைந்து நிமிடம் நிற்போம். அதற்குள் குளிக்காமலாவது வந்து ஏறிவிடுங்கள், மலையில் அருவி இருக்கிறது.